அலெக்ஸாகிட்ட கேட்டா ஃபுட்பால் மேட்ச் ஓடுமா? ஸ்மார்ட் ஸ்பீக்கரில் லைவ் கமெண்ட்ரி கேட்பது எப்படி? முழு விளக்கம்

கன்னியாகுமரி மாவட்டத்தில் கால்பந்துக்குத் தனியாக விளம்பரம் தேவையில்லை. தூத்தூர், சின்னத்துறை, வள்ளவிளை, இரவிபுத்தன்துறை என்று மேற்குக் கடற்கரை முழுக்க பந்து உதைக்கும் ஊர்கள்தான். ஐஎஸ்எல் தொடரில் ஜாம்ஷெட்பூர், ஏடிகே அணிகளுக்காக ஆடிய மைக்கேல் சூசைராஜ், இரவிபுத்தன்துறையைச் சேர்ந்தவர். கடற்கரையை விட்டுக் கொஞ்சம் உள்ளே வந்தால் கருங்கல். திங்கள்சந்தைக்கும் புதுக்கடைக்கும் நடுவில் இருக்கும் இந்த ஊரிலும், சுற்றுவட்டாரத்திலும் உலகக் கோப்பை வந்துவிட்டால் பிரேசில் கொடி, அர்ஜென்டினா கொடி என்று தெருவே இரண்டாகப் பிரியும்.

இப்போது இந்த வீடுகளுக்குள் ஸ்மார்ட் ஸ்பீக்கரும் வந்துவிட்டது. கல்ஃபில் வேலை பார்க்கும் அண்ணனோ மாமாவோ லீவுக்கு வரும்போது கொண்டு வந்தது, ஆன்லைன் ஆஃபரில் வாங்கியது, பரிசாக வந்தது என்று ஏதோ ஒரு வழியில் வந்து ஷெல்ஃபில் உட்கார்ந்திருக்கிறது. பாட்டு போடச் சொன்னால் போடுகிறது. மழை வருமா என்று கேட்டால் சொல்கிறது. ஆனால் "இன்னைக்கு மேட்ச் கமெண்ட்ரி போடு" என்று கேட்டால் பெரும்பாலும் ஸ்கோரை மட்டும் சொல்லிவிட்டு அமைதியாகிவிடும். சில நேரம் சம்பந்தமே இல்லாத பாட்டு ஓடும்.

ஸ்பீக்கர் ரிப்பேரா? நாம கேட்ட விதம் தப்பா? இரண்டும் இல்லை. காரணம் வேறு. அது என்ன, அதைத் தாண்டி சட்டத்துக்கு உட்பட்டு மேட்ச் கேட்க என்னென்ன வழிகள் இருக்கு, இதில் டேட்டா எவ்வளவு செலவாகும்? ஒவ்வொன்றாகப் பார்க்கலாம்.

ஸ்மார்ட் ஸ்பீக்கர் உண்மையில் என்ன செய்கிறது?

ஸ்மார்ட் ஸ்பீக்கர் என்பது ரேடியோ இல்லை. இந்த ஒரு விஷயம் புரிந்தால் பாதிக் குழப்பம் தீர்ந்துவிடும். ரேடியோவில் ஏரியல் இருக்கும். காற்றில் வரும் அலையை அது நேரடியாகப் பிடிக்கும். பொதுவாக ஸ்மார்ட் ஸ்பீக்கரில் எஃப்எம் ட்யூனர் கிடையாது. அதில் இருப்பது மைக், ஸ்பீக்கர், வைஃபை, ப்ளூடூத்.

"அலெக்ஸா" அல்லது "ஓகே கூகுள்" என்று கூப்பிட்டதும் அது விழித்துக்கொள்ளும். அடுத்து நீங்க சொல்வதைப் பதிவு செய்து, இணையம் வழியாக அந்த நிறுவனத்தின் சர்வருக்கு அனுப்பும். அங்கே உங்க பேச்சு எழுத்தாக மாறி, என்ன கேட்டீங்க என்று புரிந்துகொள்ளப்படும். பிறகு எந்தச் சேவையில் அது கிடைக்கும் என்று தேடி, அந்த ஒலியை இணையம் வழியாக ஸ்பீக்கருக்கு அனுப்பும். எனவே அந்த மேட்ச்சின் கமெண்ட்ரி, உங்க நாட்டில், அந்த ஸ்பீக்கரோடு இணைந்த ஒரு சேவையில் இருந்தால்தான் அது ஒலிக்கும்.

அமேசான் எக்கோ அமெரிக்காவில் 2014-ல் அறிமுகமானது. இந்தியாவுக்கு 2017-ல் வந்தது. கூகுள் ஹோம் ஸ்பீக்கர் 2018-ல் இந்தியாவில் விற்பனைக்கு வந்தது. இந்தியாவில் அலெக்ஸா முதலில் ஆங்கிலத்தில் மட்டும் பேசியது. 2019-ல் இந்தியும் சேர்ந்தது. தமிழில் பாட்டுப் பெயர் சொன்னால் ஓரளவு பிடித்துக்கொள்ளும். ஆனால் முழுக்கத் தமிழில் பேசி வேலை வாங்குவது கஷ்டம். அதனால் அணியின் பெயர், ஸ்டேஷனின் பெயர் இரண்டையும் ஆங்கிலத்திலேயே, நிறுத்தி, தெளிவாகச் சொல்வது நல்லது.

லண்டனில் ஓடுது, கருங்கலில் ஏன் ஓடலை?

இங்கிலாந்தில் வசிக்கும் ஒருவர் "ப்ளே பிபிசி ரேடியோ ஃபைவ் லைவ்" என்றோ "ப்ளே டாக்ஸ்போர்ட்" என்றோ சொன்னால், அந்த நேரத்தில் நடக்கும் பிரீமியர் லீக் மேட்ச்சின் கமெண்ட்ரி அப்படியே வீட்டில் ஒலிக்கும். அந்த இரண்டு நிலையங்களுக்கும் பிரிட்டனுக்கான வானொலி உரிமை இருக்கிறது.

அங்கே வானொலி கமெண்ட்ரிக்கு இன்னொரு வலுவான காரணமும் உண்டு. சனிக்கிழமை மதியம் 2.45 மணி முதல் 5.15 மணி வரை பிரிட்டன் தொலைக்காட்சியில் கால்பந்து லைவ் காட்டுவதற்குத் தடை இருக்கிறது. மக்கள் வீட்டில் உட்கார்ந்து டிவி பார்த்தால் சின்ன கிளப்களின் மைதானங்கள் காலியாகிவிடும் என்பதற்காக 1960-களிலிருந்து கடைப்பிடிக்கப்படும் பழக்கம் இது. டிவிக்குத்தான் தடை, வானொலிக்கு இல்லை. அதனால் 3 மணி மேட்ச்சை வீட்டில் இருந்தே தெரிந்துகொள்ள அங்கே ரேடியோதான் வழி. ஸ்மார்ட் ஸ்பீக்கர் வந்ததும் அந்தப் பழைய பழக்கம் அப்படியே புதுப் பெட்டிக்கு மாறிக்கொண்டது.

நம்ம ஊரில் கதையே வேறு. கால்பந்து உரிமைகள் நாடு வாரியாக விற்கப்படுகின்றன. டிவி உரிமை தனி, ஆன்லைன் உரிமை தனி, ஆடியோ உரிமை தனி. பிரிட்டன் நிலையத்துக்கு பிரிட்டன் எல்லை வரைதான் உரிமை. அதனால் அந்த நிலையத்தின் இணைய ஒலிபரப்பு, கேட்பவர் எந்த நாட்டில் இருக்கிறார் என்று இணைய முகவரியை வைத்துப் பார்த்து, வெளிநாடு என்றால் மேட்ச் நேரத்தில் கமெண்ட்ரியை நிறுத்திவிடும். உரிமை காரணமாக இந்த நிகழ்ச்சியை வழங்க முடியவில்லை என்று ஒரு குரல் மட்டும் வரும், அல்லது வேறு நிகழ்ச்சி ஓடும்.

கல்ஃபில் இருந்து வந்த ஸ்பீக்கர் என்றால் ஒரு கூடுதல் சிக்கல். ஸ்பீக்கர் எந்த நாட்டு அக்கவுண்டில் பதிவாகி இருக்கிறதோ அந்த நாட்டின் சேவைகளைத்தான் காட்டும். இணைய இணைப்போ இந்தியாவில் இருக்கும். இரண்டும் ஒத்துப்போகாமல் பாட்டுகூட சரியாக ஓடாமல் போகலாம். ஆப்பில் போய் அக்கவுண்டின் நாட்டையும், ஸ்பீக்கர் இருக்கும் இடத்தின் முகவரியையும் இந்தியா என்று மாற்றிக்கொள்ளுங்க. பழைய அக்கவுண்டை நீக்கிவிட்டு உங்க பெயரில் புதிதாகப் பதிவு செய்வது இன்னும் சுலபம்.

இந்தியாவில் ஏன் கால்பந்து வானொலி கமெண்ட்ரி கிடைப்பதில்லை?

பிரிட்டனில் கால்பந்தின் முதல் வானொலி நேரடி வர்ணனை 1927 ஜனவரி 22 அன்று நடந்தது. லண்டன் ஹைபரி மைதானத்தில் ஆர்சனல், ஷெஃபீல்ட் யுனைடெட் அணிகள் மோதின. மேட்ச் 1-1 என்று டிரா. பந்து எங்கே இருக்கிறது என்று கேட்பவருக்குப் புரிவதற்காக, மைதானத்தைக் கட்டங்களாகப் பிரித்து எண் போட்ட படம் ஒன்றை பிபிசியின் ரேடியோ டைம்ஸ் இதழ் முன்கூட்டியே அச்சிட்டது. ஒருவர் ஆட்டத்தை வர்ணிக்க, இன்னொருவர் பந்து இருக்கும் கட்டத்தின் எண்ணைச் சொல்லிக்கொண்டே இருந்தார்.

இந்தியாவிலும் இந்த மரபு இருந்தது. கொல்கத்தா வானொலியில் 1950-களின் இறுதியிலேயே வங்காள மொழியில் கால்பந்து வர்ணனை தொடங்கிவிட்டது. அஜய் பாசு, புஷ்பேன் சர்க்கார் போன்ற வர்ணனையாளர்களின் குரல் அங்கே வீட்டுக்கு வீடு தெரியும். மோகன் பகான், ஈஸ்ட் பெங்கால் மோதும் நாளில் ட்ரான்சிஸ்டரைச் சுற்றி ஒரு தெருவே கூடும்.

டிவி வந்து, பிறகு போன் வந்ததும் அந்த மரபு மெலிந்துபோனது. இன்று சட்ட நிலைமை இப்படி இருக்கிறது.

• தனியார் எஃப்எம் நிலையங்கள்: 2011-ல் வந்த மூன்றாம் கட்ட எஃப்எம் கொள்கைப்படி, விளையாட்டுத் தகவல்களைச் சொல்லலாம். ஆனால் நேரடி வர்ணனை கூடாது. உள்ளூர் அளவிலான போட்டிகளுக்கு மட்டும் விலக்கு உண்டு.

• ஆகாசவாணி: 2007-ல் வந்த விளையாட்டு ஒளிபரப்புச் சட்டப்படி, தேசிய முக்கியத்துவம் உள்ளதாக அரசு அறிவிக்கும் போட்டிகளின் நேரடி சிக்னலை, உரிமை வைத்திருக்கும் நிறுவனம் பிரசார் பாரதியோடு பகிர வேண்டும். விளம்பர வருமானத்தில் டிவிக்கு 75:25, வானொலிக்கு 50:50 என்ற பங்கையும் சட்டம் சொல்கிறது.

• ஆனால் அந்தப் பகிர்வு பிரசார் பாரதியின் சொந்த தரைவழி மற்றும் டிடிஎச் வலையமைப்புக்கானது. அதனால் ரேடியோவில் வரும் ஒரு மேட்ச், அதே நேரத்தில் ஆப்பிலும் ஸ்மார்ட் ஸ்பீக்கரிலும் கட்டாயம் வரும் என்று எடுத்துக்கொள்ள முடியாது.

• பிரீமியர் லீக், லா லிகா, சாம்பியன்ஸ் லீக் போன்ற வெளிநாட்டு கிளப் போட்டிகள் இந்தச் சட்டத்தின் கீழ் வருவதில்லை. அவை முழுக்க முழுக்கத் தனியார் உரிமை.

ஆக, ஐரோப்பிய கிளப் மேட்ச்சைத் தமிழில் ரேடியோ கமெண்ட்ரியாகக் கேட்க, ஸ்பீக்கரிடம் சொல்லி எடுக்கக்கூடிய நிலையம் எதுவும் நம்மிடம் இல்லை. ஸ்பீக்கர் தடுமாறுவது இதனால்தான்.

அப்போ வழியே இல்லையா? இருக்கு

வழி 1: போனில் மேட்ச், ஸ்பீக்கரில் சத்தம்

நம்ம ஊர் நிலைமைக்கு இதுதான் நம்பகமான வழி. மேட்ச்சை ஒளிபரப்பும் ஓடிடி ஆப்பில் உங்களுக்கு சந்தா இருந்தாலோ, அந்த மேட்ச் இலவசமாகக் கிடைத்தாலோ, போனில் ஓடவிட்டு ஒலியை மட்டும் ப்ளூடூத் வழியாக ஸ்பீக்கருக்கு அனுப்பலாம்.

• போனில் ப்ளூடூத்தை ஆன் செய்யுங்க.
• எக்கோ என்றால் "அலெக்ஸா, பேர்" என்று சொல்லுங்க. கூகுள் ஸ்பீக்கர் என்றால் "ஓகே கூகுள், ப்ளூடூத் பேரிங்" என்று சொல்லுங்க.
• போனில் ஸ்பீக்கரின் பெயர் தெரியும். அதைத் தொட்டு இணைத்துவிடுங்க. ஒருமுறை இணைத்தால் போதும், அடுத்த முறை போனில் இருந்தே இணைத்துக்கொள்ளலாம்.
• போனை ஸ்பீக்கரிலிருந்து சுமார் 10 மீட்டருக்குள் வைத்திருங்க. நடுவில் தடித்த சுவர் இருந்தால் தூரம் குறையும்.

இதில் இன்னொரு நல்ல விஷயம், மொழி. பெரிய போட்டிகளுக்கு ஓடிடி ஆப்களில் இப்போது பல மொழிகளில் கமெண்ட்ரி வருகிறது. ஆப்பில் மொழியை மாற்றிவிட்டால் ஸ்பீக்கரிலும் அதே மொழி வரும். குமரி மாவட்டத்தில் மலையாளம் புரியாத ஆள் குறைவு. ஷைஜு தாமோதரனின் மலையாள கமெண்ட்ரிக்காகவே மேட்ச் போடுபவர்கள் எல்லையின் இந்தப் பக்கமும் உண்டு.

வழி 2: கிளப்பின் சொந்த ஆடியோ

ஐரோப்பாவின் பல பெரிய கிளப்கள் தங்கள் அதிகாரப்பூர்வ ஆப்பிலோ இணையதளத்திலோ மேட்ச் நாளில் ஆடியோ கமெண்ட்ரி தருகின்றன. சிலவற்றுக்கு இலவசப் பதிவு போதும், சிலவற்றுக்கு உறுப்பினர் கட்டணம் உண்டு. உங்க அணியின் ஆப்பைத் திறந்து, மேட்ச் சென்டர் பக்கத்தில் "ஆடியோ" அல்லது "கமெண்ட்ரி" என்று இருக்கிறதா பாருங்க. இருந்தால், மேலே சொன்ன அதே ப்ளூடூத் முறையில் ஸ்பீக்கருக்கு அனுப்பலாம். இங்கே பேசுபவர்கள் அந்த கிளப்பின் ஆட்கள். எதிரணி கோல் அடித்தால் குரலில் உற்சாகம் இருக்காது, அவ்வளவுதான்.

வழி 3: ஸ்கோர், செய்தி மட்டும் போதும் என்றால்

கடையில் வியாபாரத்துக்கு நடுவே, தையல் மெஷினுக்கு முன்னால், அடுக்களையில் வேலையோடு வேலையாக ஸ்கோர் மட்டும் தெரிந்தால் போதும் என்பவர்களுக்கு ஸ்பீக்கரே போதும். "அலெக்ஸா, வாட்ஸ் தி லிவர்பூல் ஸ்கோர்?" என்று கேட்டால் நடப்பு ஸ்கோரைச் சொல்லும். "வென் இஸ் தி நெக்ஸ்ட் லிவர்பூல் மேட்ச்?" என்றால் நேரத்தைச் சொல்லும். அலெக்ஸா ஆப்பின் செட்டிங்ஸில் ஸ்போர்ட்ஸ் பகுதிக்குப் போய் பிடித்த அணிகளைச் சேர்த்து வைத்தால், "ஸ்போர்ட்ஸ் அப்டேட்" என்ற ஒரே கேள்வியில் எல்லா அணியின் நிலவரமும் வந்துவிடும்.

வழி 4: உள்ளூர் மேட்ச்

குமரிக் கடற்கரையில் செவன்ஸ் போட்டி என்றால் மைக் செட் இல்லாமல் நடக்காது. மைக் பிடிப்பவர் யார் பந்தை எடுத்தார், யார் விட்டார் என்று ஊர் வழக்கில் விளாசுவார். இப்படிப்பட்ட போட்டிகள் இப்போது ஃபேஸ்புக், யூடியூப் லைவிலும் வருகின்றன. கல்ஃபில் இருப்பவர்கள் அதைத்தான் பார்க்கிறார்கள். அந்த லைவைப் போனில் போட்டு ஸ்பீக்கரில் கேட்டால், ஊரில் இல்லாத குறை கொஞ்சம் தீரும். உரிமைப் பிரச்சினையும் இல்லை.

விபிஎன் போட்டுக் கேட்கலாமா?

நாட்டை மாற்றிக் காட்டும் விபிஎன் ஆப் போட்டு வெளிநாட்டு நிலையத்தைக் கேட்கலாம் என்று சிலர் சொல்வார்கள். இது அந்தச் சேவைகளின் விதிமுறைக்கு எதிரானது, அக்கவுண்ட் முடக்கப்படலாம். அதோடு ஸ்மார்ட் ஸ்பீக்கருக்குள் நேரடியாக விபிஎன் ஆப் போட முடியாது. இலவச விபிஎன் ஆப்கள் உங்க போனில் இருக்கும் தகவல்களை என்ன செய்கின்றன என்பதும் தெரியாது. வங்கி ஆப், யுபிஐ எல்லாம் இருக்கும் போனில் ஒரு மேட்ச்சுக்காக அந்த ரிஸ்க் வேண்டாம்.

டேட்டா எவ்வளவு போகும்?

மேட்ச் 90 நிமிடம், இடைவேளை 15 நிமிடம், கூடுதல் நேரம் எல்லாம் சேர்த்து 2 மணி நேரம் என்று வைத்துக்கொள்வோம்.

• ஆடியோ மட்டும், 64 கேபிபிஎஸ் தரத்தில்: சுமார் 58 எம்பி.
• ஆடியோ மட்டும், 128 கேபிபிஎஸ் தரத்தில்: சுமார் 115 எம்பி.
• வீடியோ, 3 எம்பிபிஎஸ் தரத்தில்: சுமார் 2.7 ஜிபி.

அதாவது ஒரு நாளைக்கு 1.5 ஜிபி தரும் பேக்கில் வீடியோவாகப் பார்த்தால் இரண்டாம் பாதி தொடங்கும் நேரத்தில் டேட்டா தீர்ந்துவிடும். ஆடியோவாகக் கேட்டால் அதே பேக்கில் ஒரே நாளில் பத்து மேட்ச்சுக்கு மேல் கேட்கலாம்.

ஒன்றை மறக்காதீங்க. முதல் வழியில் நீங்க கேட்பது ஒலி மட்டும்தான் என்றாலும், போன் வீடியோவைத்தான் இறக்கிக்கொண்டிருக்கும். திரையைக் கவிழ்த்து வைத்தாலும் டேட்டா போய்க்கொண்டே இருக்கும். ஆப்பில் வீடியோ தரத்தைக் குறைந்த அளவுக்கு மாற்றி வைத்தால் செலவு வெகுவாகக் குறையும்.

பக்கத்து வீட்டில் கோல் சத்தம், நம்ம ஸ்பீக்கரில் இன்னும் கார்னர் கிக். ஏன்?

இணையத்தில் வரும் நேரடி ஒலிபரப்பு உண்மையில் கொஞ்சம் பழையது. ஒலியையும் படத்தையும் சில விநாடிகள் கொண்ட சிறு துண்டுகளாக வெட்டி அனுப்புகிறார்கள். ஒரு துண்டு 6 விநாடி என்று வைத்துக்கொள்வோம். நடுவில் நெட் தடுமாறினால் நின்றுவிடக் கூடாது என்று ஸ்பீக்கரோ போனோ மூன்று துண்டுகளைச் சேர்த்து வைத்துக்கொண்டுதான் ஓட ஆரம்பிக்கும். அதிலேயே 18 விநாடி போயிற்று. வெட்டுவதற்கும் அனுப்புவதற்கும் ஆகும் நேரத்தையும் சேர்த்தால் அரை நிமிடம், சில நேரம் அதற்கு மேலும் தாமதம் ஆகலாம்.

பழைய எஃப்எம் ரேடியோவில் இந்தத் துண்டு வேலையே கிடையாது. செயற்கைக்கோள் டிவிக்குத் தாமதம் சில விநாடிதான். எனவே பக்கத்து வீட்டில் டிஷ் டிவி, உங்க வீட்டில் ஸ்மார்ட் ஸ்பீக்கர் என்றால் கோல் செய்தி மதில் தாண்டித்தான் முதலில் வரும். இதைத் தவிர்க்க முழுத் தீர்வு இல்லை. குறைந்தபட்சம் போனில் ஸ்கோர் ஆப், வாட்ஸ்அப் குரூப் நோட்டிஃபிகேஷனை மேட்ச் முடியும்வரை மியூட் செய்து வைங்க.

ராத்திரி மேட்ச் கேட்பவர்களுக்கு

ஸ்மார்ட் ஸ்பீக்கரின் உண்மையான பயன் ராத்திரியில்தான் தெரியும். சாம்பியன்ஸ் லீக் மேட்ச்கள் பெரும்பாலும் இந்திய நேரப்படி கோடையில் இரவு 12.30 மணிக்கும், குளிர்காலத்தில் 1.30 மணிக்கும் தொடங்கும். அமெரிக்கா, கனடா, மெக்சிகோ நடத்தும் 2026 உலகக் கோப்பையில் 48 அணிகள், 104 ஆட்டங்கள். நேர வித்தியாசத்தால் அவை நமக்கு இரவிலும் அதிகாலையிலும் காலையிலும்தான் வரும். விடியும் முன்பே ரப்பர் பால் வெட்டக் கிளம்புபவர்கள், கடலுக்குப் போகத் தயாராகுபவர்கள் எல்லாம் திரையைப் பார்த்துக்கொண்டு உட்கார முடியாது. காதால் கேட்டுக்கொண்டே வேலையைப் பார்க்கலாம்.

சத்தம் வீட்டை எழுப்பாமல் இருக்க "வால்யூம் டூ" என்று சொன்னால் மெதுவாகிவிடும். "ஸ்டாப் இன் ஒன் அவர்" என்று சொல்லி வைத்தால் தூங்கிப்போனாலும் ஸ்பீக்கர் தானாக நின்றுவிடும். ப்ளூடூத்தில் கேட்கிறீங்க என்றால் போனில் ஓடும் ஆப்பையும் நிறுத்த மறக்காதீங்க, இல்லாவிட்டால் விடிய விடிய டேட்டா போகும்.

இன்னொரு வேடிக்கையான சிக்கலும் உண்டு. ஸ்பெயின் வீராங்கனை அலெக்ஸியா புட்டெயாஸ் 2021, 2022 என அடுத்தடுத்து பாலோன் டோர் விருது வாங்கியவர். கமெண்ட்ரியில் "அலெக்ஸியா" என்ற பெயர் வரும்போதெல்லாம் எக்கோ தன்னைக் கூப்பிடுவதாக நினைத்து விழித்துக்கொள்ள வாய்ப்பு இருக்கு. ஆப்பில் கூப்பிடும் பெயரை "எக்கோ" என்றோ "அமேசான்" என்றோ மாற்றிவிட்டால் பிரச்சினை தீர்ந்தது. மைக்கையே அணைக்க, மேலே இருக்கும் மைக் பட்டனை அழுத்தினால் போதும். எக்கோவில் சிவப்பு விளக்கு எரியும். ப்ளூடூத் ஒலி தொடர்ந்து வரும்.

கண்பார்வை இல்லாத ரசிகர்களுக்கு இது எவ்வளவு உதவும்?

இந்த விஷயத்தில் பலரும் கவனிக்காத பகுதி இதுதான். பார்வையுள்ளவருக்கு ஸ்பீக்கரில் மேட்ச் கேட்பது ஒரு வசதி. பார்வையில்லாதவருக்கு மேட்ச் என்றாலே அதுதான்.

ஆனால் டிவி கமெண்ட்ரியும் ரேடியோ கமெண்ட்ரியும் ஒன்று அல்ல. டிவி வர்ணனையாளர், நீங்க படத்தைப் பார்க்கிறீங்க என்று நினைத்துத்தான் பேசுவார். "அடடா, என்ன ஒரு பாஸ்!" என்று சொல்லிவிட்டு அமைதியாகிவிடுவார். யார் யாருக்குப் பாஸ் செய்தார், இடது பக்கமா வலது பக்கமா, கோலுக்கு எவ்வளவு தூரம் என்று எதுவும் சொல்ல மாட்டார். ரேடியோ வர்ணனையாளர் பந்து இருக்கும் இடத்தைச் சொல்லாமல் ஐந்து விநாடிகூட இருக்க மாட்டார். 1927-ல் கட்டத்துக்கு எண் போட்டதும் இதற்காகத்தான்.

உலக அளவில் இதற்குத் தனி ஏற்பாடே இருக்கிறது. 2014 பிரேசில் உலகக் கோப்பையில் சில மைதானங்களில் பார்வையில்லாத ரசிகர்களுக்காக ஆடியோ விவரிப்பு வர்ணனை வழங்கப்பட்டது. 2022 கத்தார் உலகக் கோப்பையில் அரபி, ஆங்கிலம் இரண்டிலும் அது கிடைத்தது. வீரரின் முகபாவம், பந்தின் திசை, கேலரியில் நடப்பது என எல்லாவற்றையும் அதில் விவரிப்பார்கள்.

பார்வையற்றவர்கள் ஆடும் கால்பந்தும் உண்டு. அணிக்கு ஐந்து பேர், கோல்கீப்பருக்கு மட்டும் பார்வை இருக்கும், பந்துக்குள் சலங்கை போல ஒலிக்கும் மணிகள் இருக்கும். 2004 ஏதென்ஸ் முதல் பாராலிம்பிக்கில் இருக்கும் விளையாட்டு இது. ஒலியை வைத்தே ஆட முடிகிற விளையாட்டை, ஒலியை வைத்து ரசிக்க முடியாதா என்ன?

வீட்டில் பார்வைக் குறைபாடு உள்ளவரோ, கண்ணாடி போட்டும் சின்னத் திரை தெரியாத தாத்தா பாட்டியோ இருந்தால், டிவி கமெண்ட்ரியை விட கிளப்களின் ஆடியோ கமெண்ட்ரியைத் தேடிக் கொடுங்க. அது ரேடியோ பாணியில் இருக்கும். மொழி ஆங்கிலமாகத்தான் இருக்கும் என்பது குறைதான். தமிழில் ரேடியோ பாணி வர்ணனைக்கான தேவை இங்கேதான் இருக்கிறது.

கரண்ட் போனால்?

ஸ்மார்ட் ஸ்பீக்கருக்கு மின்சாரம், வைஃபை இரண்டும் வேண்டும். பெரும்பாலான மாடல்களில் பேட்டரி கிடையாது. வீட்டில் இன்வெர்ட்டர் இருந்தால் ரவுட்டர், ஸ்பீக்கர் இரண்டின் பிளக்கும் இன்வெர்ட்டர் லைனில் இருக்கிறதா என்று பாருங்க. ரவுட்டருக்கு மட்டும் சின்ன யுபிஎஸ் தனியாகவும் கிடைக்கிறது.

ஆனால் மேட்ச்சை விடப் பெரிய விஷயம் ஒன்று இதில் இருக்கிறது. 2017 நவம்பர் 30 அன்று ஒக்கி புயல் வந்தபோது குமரி மாவட்டத்தில் மின்கம்பங்கள் சாய்ந்து பல ஊர்கள் நாட்கணக்கில் இருளில் கிடந்தன. கடலுக்குப் போனவர்களைப் பற்றி ஒரு தகவலாவது வராதா என்று கடற்கரை ஊர்கள் காத்திருந்தன. அப்படி ஒரு நாளில் ஸ்மார்ட் ஸ்பீக்கர் வெறும் பிளாஸ்டிக் டப்பா. பேட்டரியில் ஓடும் சாதாரண எஃப்எம் ரேடியோ மட்டும் பேசும்.

நம்ம மாவட்டத்துக்கு அந்த வசதி பக்கத்திலேயே இருக்கு. இந்தியாவின் முதல் உள்ளூர் வானொலி நிலையமே 1984-ல் நாகர்கோவிலில்தான் தொடங்கப்பட்டது. பண்பலை 101-ல் இன்றும் ஒலிக்கிறது. எனவே ஸ்மார்ட் ஸ்பீக்கர் வாங்கினாலும் பழைய ட்ரான்சிஸ்டரை ஆக்கருக்குப் போட்டுவிடாதீங்க. இரண்டு பேட்டரியும் சேர்த்து எடுத்து வைங்க.

சுருக்கமாகச் சொன்னால்

• ஸ்மார்ட் ஸ்பீக்கரிடம் நேரடியாகக் கேட்டால் இந்தியாவில் பெரும்பாலும் ஸ்கோர்தான் கிடைக்கும். உரிமை நாடு வாரியாக விற்கப்படுவதே காரணம்.
• போனில் அதிகாரப்பூர்வ ஆப், ப்ளூடூத்தில் ஸ்பீக்கர் என்பதே நடைமுறை வழி.
• ரேடியோ பாணி வர்ணனை வேண்டுமானால் கிளப்களின் சொந்த ஆடியோவைத் தேடுங்க.
• ஆடியோ மட்டும் வரும் சேவை என்றால் ஒரு மேட்ச்சுக்கு 60 முதல் 115 எம்பி வரை போகும்.
• அரை நிமிடத் தாமதம் இயல்பானது. உங்க ஸ்பீக்கரில் கோளாறு இல்லை.
• கூப்பிடும் பெயர், வால்யூம், தானாக நிற்கும் நேரம் மூன்றையும் மேட்ச் தொடங்கும் முன்பே சரிசெய்து வைங்க.
• புயல், மழைக்காலத்துக்கு பேட்டரி ரேடியோ வீட்டில் இருக்கட்டும்.

உள்ளூர் போட்டிகளுக்கு எஃப்எம் நிலையங்கள் நேரடி வர்ணனை செய்ய விதி இடம் கொடுக்கிறது. செவன்ஸ் மைதானத்தில் மைக் பிடித்து ஊரையே எழுப்பும் குரல்களும் குமரியில் ஏற்கெனவே இருக்கின்றன. அந்தக் குரலையும் இந்த விதியையும் யாராவது சேர்த்து வைத்தால், தமிழில் ஒரு கால்பந்து வானொலி வர்ணனை கிடைக்கத் தொழில்நுட்பம் ஒரு தடையாக இருக்காது.